நான்கு என்று சொன்னேன்

ஓடுகிறேன். ரேடியோவை மார்போடு அணைத்துக்கொண்டு ஓடுகிறேன். பின்னால் கிணற்றுக்குள்ளிருந்து குரல் ஏறி வருகிறது.

"வேட்டு! வேட்டு! வேட்டு!"

கிணற்றுப் பாறைக்கு வெடி வைக்க வந்த காளியண்ணன் திரிகளுக்கு நெருப்பு வைத்துவிட்டார். படி படியாக மேலே வருகிறார். மேலே வந்ததும் அவரும் ஓடுவார். அப்பா மாடுகளைப் பிடித்துக்கொண்டு தெற்கே ஓடுகிறார். அம்மா வீட்டுக்குள் போய்விட்டாள். நான் வேப்பமரத்துக்கு ஓடுகிறேன். மரத்தின் பின்னால் குத்துக்காலிட்டு உட்காருகிறேன். என் காது ரேடியோவின் மேல் இருக்கிறது.

1971 டிசம்பர் எட்டு. புதன்கிழமை. பொழுது சாய்கிற நேரம். எருமப்பட்டிக்குப் பக்கம் எங்கள் தோட்டம். அன்றைக்குப் போர் தொடங்கி ஆறாவது நாள்.

முதல் சத்தம். பாதத்தின் கீழ் மண் அதிர்கிறது. இரண்டாவது சத்தம். கல் பறக்கிறது. பனை ஓலையில் சடசடவென்று விழுகிறது. ரேடியோவில் சிறப்புச் செய்தி என்கிறார்கள். குமிழைத் திருகி இன்னும் கூட்டுகிறேன். மேற்கு எல்லை. பஞ்சாப். கடும் சண்டை. மூன்றாவது சத்தம். அது கொஞ்சம் அமுங்கிக் கேட்டது. அதற்குப் பிறகு செய்தி வாசிப்பவரின் குரல்தான். அவர் ஒரு ஊரின் பெயரைச் சொன்னார். அந்தப் பெயரைத் தவற விடக்கூடாது என்று மூச்சை அடக்கிக்கொண்டு கேட்டேன்.

நான்காவது சத்தம் வந்ததா? எனக்குத் தெரியாது. இன்றைக்கும் இதைத்தான் சொல்ல முடியும்.

அப்பா மாடுகளைக் கட்டிவிட்டு வந்தார். அவர் வருவதைப் பார்த்ததும் கட்டைவிரலால் குமிழைத் திருகி நிறுத்தினேன். வேட்டு வைக்கும்போது ரேடியோ பாடக்கூடாது என்பது அவர் போட்ட சட்டம். பாறையில் நான்கு குழி அடித்து மருந்து திணித்தால் நான்கு சத்தம் கேட்க வேண்டும். ஒன்றன்பின் ஒன்றாக வெடிக்கட்டும் என்றுதான் திரிகளை நீளமும் குட்டையுமாக வெட்டி வைப்பார்கள். எண்ணுவதற்காக.

"எத்தனை சாமி?" என்றார் அப்பா.

"நாலுங்கப்பா."

காளியண்ணன் மூச்சு வாங்கிக்கொண்டு நின்றார். "எனக்கு மூணுதானுங்க கேட்டுச்சு, கவுண்டருங்க. நாளைக்கு ஒரு நாள் அப்படியே கெடக்கட்டும். நாளான்னிக்கு நான் வந்து பாத்துட்டு எறங்கிக்கலாமுங்க."

அப்பா என்னைப் பார்த்தார்.

"நாலுதானா?"

"நாலுதானுங்க."

அப்பா சிரித்தார். "என்ற புள்ளை காது நல்ல காது, காளியண்ணா. ரேடியோவுல பேட்டரி எறங்குறதையே சத்தத்துல சொல்லிப்போடுவா."

காளியண்ணன் கிணற்றைத் திரும்பிப் பார்த்தார். கையிலிருந்த பீடியைத் தரையில் தேய்த்தார். பிறகு "சரிங்க" என்றார்.

எனக்கு அப்போது பதினேழு வயது. பெயர் நல்லம்மாள். உயர்நிலைப் பள்ளியை அந்த வருடம்தான் முடித்திருந்தேன். என் அண்ணன் முத்துசாமி பட்டாளத்தில் இருந்தார். எங்கே இருக்கிறார் என்று கடிதத்தில் எழுத அவர்களுக்கு அனுமதி இல்லை. தபால் எண் மட்டும் இருக்கும். கடைசிக் கடிதம் நவம்பரில் வந்தது. இங்கே குளிர் ரொம்ப அதிகம், சப்பாத்தி பழகிவிட்டது, ரேடியோ எப்படி இருக்கிறது என்று எழுதியிருந்தார். அம்மாவைக் கேட்பதற்கு முன்னால் ரேடியோவைக் கேட்டுவிட்டான் பார் என்று அம்மா அதைச் சொல்லிச் சொல்லிச் சிரித்தாள்.

ரேடியோ அண்ணன் வாங்கிக் கொடுத்தது. இரண்டு வருடத்துக்கு முன் லீவில் வந்தபோது கொண்டுவந்தார். பழுப்புத் தோல் உறை. முன்பக்கம் ஓட்டை ஓட்டையாக இருக்கும். நான்கு பேட்டரி. தென்னை மரத்திலிருந்து செம்புக் கம்பி இழுத்துக் கட்டினார். சமையலறை நிலைக்கு மேல் ஓர் ஆணி அடித்தார். அதுதான் அதன் இடம்.

எங்கள் வீட்டில் கடிகாரம் இல்லை. ரேடியோதான் கடிகாரம். பக்திப் பாட்டுக்கு அம்மா மோர் கடைவாள். காலைச் செய்திக்கு அப்பா கட்டுத்தறியிலிருந்து வருவார். கைகூடக் கழுவாமல் நிலையைப் பிடித்துக்கொண்டு நிற்பார். சந்தை நிலவரம் சொல்வார்கள். பருத்தி விலையைச் சொன்னதும் அப்பா ரேடியோவோடு சண்டை போடுவார். "எந்த ஊர்ல இந்த வெலைக்கு எடுக்கறான்? வந்து காட்டச் சொல்லு." அம்மா உள்ளேயிருந்து "அது உங்களுக்குப் பதில் சொல்லாதுங்க" என்பாள். மதியம் கடல் தாண்டி இலங்கையிலிருந்து பாட்டு வரும். அந்த அறிவிப்பாளர்களின் தமிழ் கேட்கக் கேட்க ஆசையாக இருக்கும். நான் தலை வாரிக்கொண்டே அதேபோலப் பேசிப் பழகுவேன். ஞாயிற்றுக்கிழமை நாடகம் வந்தால் பக்கத்துத் தோட்டத்து ராசப்ப மாமன் குடும்பத்தோடு வந்துவிடுவார். நாடகத்தில் யாராவது அழுதால் அம்மாவும் அழுவாள். பேட்டரி இறங்கிவிட்டால் வெயிலில் காய வைப்போம். இன்னும் இரண்டு நாள் ஓடும்.

அந்த வீடு அப்படி இருந்தது. ரேடியோ பாடினால் எல்லாரும் ஒரே அறையில் இருப்போம்.

டிசம்பர் மூன்றாம் தேதி வெள்ளிக்கிழமை எல்லாம் மாறியது. போர் என்றார்கள். அதற்குப் பிறகு ரேடியோவைக் கண்டு பயந்தோம். நிறுத்தவும் பயம். பாட்டு வந்தால் அம்மா காதைப் பொத்திக்கொள்வாள். செய்தி வந்தால் அடுப்பை அப்படியே விட்டுவிட்டு வருவாள். ரேடியோவை விட்டு யாரும் வெகு தூரம் போவதில்லை. எருமப்பட்டிச் சந்தைக்குக்கூட அந்த வாரம் யாரும் போகவில்லை. வீட்டில் மூன்று பேர். மூன்று பேரும் அந்தத் தோல் பெட்டியைச் சுற்றிக் கட்டிப் போட்ட மாதிரி கிடந்தோம்.

கிணற்று வேலை மட்டும் நிற்கவில்லை. இரண்டு வருடம் மழை இல்லை. கொல்லிமலைப் பக்கம் மேகம் திரளும், அப்படியே கலைந்து போகும். கிணற்றில் பாறை தட்டிவிட்டது. அதைக் குடைந்தால் ஊற்று உண்டு என்று அப்பா நம்பினார். அண்ணன் இருந்திருந்தால் அவர் கீழே இறங்கியிருப்பார். அவர் இல்லை. நான் இறங்கினேன். கல்லையும் மண்ணையும் அள்ளிக் கூடையில் போடுவேன். மேலே அம்மாவும் ராசப்ப மாமனும் கப்பியில் இழுப்பார்கள்.

டிசம்பர் ஒன்பது. வியாழக்கிழமை.

காலைச் செய்தி கேட்டுவிட்டு இறங்கினோம். ரேடியோவை அப்பாவே எடுத்துக்கொண்டார். பாதிப் படியில் சுவரில் ஓர் இரும்பு முளை இருந்தது. அதில் மாட்டினார். "கீழ இருந்தாலும் காதுல உழுகோணும்" என்றார்.

கிணற்றின் அடியில் புகை நாற்றம் இன்னும் இருந்தது. மருந்து வெடித்த நாற்றம். நாக்கில் கசந்தது. நான் தெற்கு மூலையில் பாறை குடை மாதிரி நீட்டிக்கொண்டிருந்த இடத்தில் நின்று அள்ளினேன். அப்பா வடக்கு மூலைக்குப் போனார். அங்கே பாறை சரியாகப் பிளக்கவில்லை.

"இந்தப் பக்கம் பேந்தே வரலியே" என்றார்.

கூடையைக் கீழே வைத்தேன். சொல்லிவிட வேண்டும் என்று தோன்றியது. அப்பா, எனக்குச் சரியாகக் கேட்கவில்லை, ரேடியோ பாடிக்கொண்டிருந்தது என்று சொல்ல வேண்டும். வாயைத் திறந்தேன். அந்த நேரத்தில் சந்தை நிலவரத்தை நிறுத்திவிட்டு எல்லையைப் பற்றி ஏதோ சொன்னார்கள். அப்பா ஒரு விரலைத் தூக்கினார். பேசாதே என்று. கடப்பாரையை ஊன்றிக்கொண்டு அண்ணாந்து கேட்டார். நானும் கேட்டேன். நம் விமானங்கள் பத்திரமாகத் திரும்பின என்றார்கள். அப்பா தலையை ஆட்டிக்கொண்டார். திரும்பினார். கடப்பாரையை ஓங்கினார்.

நான் சொல்லவில்லை.

வெடித்தபோது எனக்குச் சத்தம் கேட்கவில்லை. வெளிச்சம்தான். பிறகு யாரோ முதுகில் கை வைத்துத் தள்ளியது மாதிரி. பிறகு ஒன்றுமில்லை.

கண் விழிக்கிறேன். இருட்டு. வாய் நிறைய மண். துப்புகிறேன். குடைபோல நீண்டிருந்த பாறையின் கீழ் சாய்ந்து உட்கார்ந்த வாக்கில் கிடக்கிறேன். வடக்குச் சுவர் முழுவதும் சரிந்து வந்து முன்னால் அடைத்துவிட்டது. என் இடது கால் கல்லுக்கு அடியில் இருக்கிறது. வலிக்கவில்லை. அதுதான் பயமாக இருக்கிறது. தலைக்கு மேலே ஒரு சந்து. தென்னங்குரும்பை அளவு வானம் தெரிகிறது.

காதில் ஒரே ரீங்காரம். அது மெல்ல மெல்லக் குறைகிறது. குறைந்ததும் முதலில் கேட்டது ரேடியோ. கற்களுக்குள் எங்கேயோ விழுந்து கிடக்கிறது. பாடிக்கொண்டிருக்கிறது. ஒரு பெண் குரல். மெல்லிசை.

அப்புறம்தான் அப்பாவைப் பார்த்தேன். இரண்டு முழ தூரம். ஒரு பெரிய கல் அவர் இடுப்பின் மேல் கிடந்தது. தலையும் ஒரு கையும் வெளியே இருந்தன. இரண்டு காதிலிருந்தும் ரத்தம் வந்திருந்தது.

"அப்பா! அப்பா!"

கண்ணைத் திறந்தார். என் வாய் அசைவதைப் பார்த்தார். "கேக்கல சாமி" என்றார். "காது அடச்சுப்போச்சு."

மேலே அம்மா அலறுகிறாள். ஆட்கள் ஓடி வருகிறார்கள். யாரோ படியில் இறங்குகிறார்கள். மண் சரசரவென்று என் மேல் கொட்டுகிறது. ராசப்ப மாமன் கத்துகிறார்.

"எறங்காதீங்க! எறங்காதீங்க! இன்னொரு வேட்டு உள்ள இருந்தாலும் இருக்கும்! மேல வாங்க!"

ஏறிப் போகிறார்கள். காலடிச் சத்தம் குறைகிறது. மண் கொட்டுவது நிற்கிறது.

"நாங்க இருக்கறோம்! உசுரோட இருக்கறோம்!" என்று நான் கத்துகிறேன். அம்மாவின் குரல் மட்டும் திரும்பி வருகிறது. "நல்லூ! சாமீ! காளியண்ணனுக்கு ஆளு போயிருக்குது! பொறுத்துக்க சாமீ!"

காளியண்ணன் அன்று வேறு ஊரில் வேறொரு கிணற்றில் இருந்தார். சைக்கிளில் ஆள் போய், தேடி, கூட்டிக்கொண்டு வர வேண்டும். அவர் வந்து பார்த்துச் சொல்லும்வரை ஒருவரும் இறங்க மாட்டார்கள். அது நியாயம்தான். எத்தனை வெடித்தது, எத்தனை மிச்சம் என்று மேலே யாருக்கும் தெரியாது. கீழே இருந்த எனக்கும் தெரியாது.

ரேடியோ பாட்டை முடித்தது. காலை ஒலிபரப்பு நிறைவு பெறுகிறது என்றார்கள். பிறகு இரைச்சல். வெறும் இரைச்சல். நிலையத்தை மூடிவிட்டார்கள். இனி மதியம்தான் திறப்பார்கள். அந்த இடைவெளியை நான் வீட்டில் இருக்கும்போது கவனித்ததே இல்லை. அம்மா நிறுத்திவிடுவாள், பேட்டரி வீணாகும் என்று. இப்போது நிறுத்த ஆள் இல்லை. பாம்பு சீறுகிற மாதிரி கல்லுக்குள்ளிருந்து அந்தச் சத்தம் வந்துகொண்டே இருந்தது.

அப்பா பேசினார். அவர் குரல் எவ்வளவு உரக்க வருகிறது என்று அவருக்கே தெரியவில்லை. ஒரு வார்த்தை கத்தலாக வரும். அடுத்தது முணுமுணுப்பாக வரும்.

"கால அசைக்க முடியுதா?"

இல்லை என்று தலையாட்டினேன்.

"வலிக்குதா?"

இல்லை என்றேன்.

கொஞ்ச நேரம் கண்ணை மூடியிருந்தார். பிறகு கேட்டார். "ரேடியோ என்னாச்சு? பாடுதா?"

பாடுகிறது என்று தலையாட்டினேன்.

"நியூஸ் சொல்றாங்களா?"

இரைச்சல்தான் வந்தது. சொல்கிறார்கள் என்று தலையாட்டினேன்.

"முத்து பக்கம் என்னங்கறாங்க?"

கையை வெளியே எடுத்தேன். உள்ளங்கையை விரித்து மெல்லத் தாழ்த்திக் காட்டினேன். அமைதியாக இருக்கிறது, ஒன்றுமில்லை என்று. வாயையும் அசைத்தேன். "சண்டை இல்லீங்கப்பா. அண்ணன் நல்லா இருக்குதுங்க."

அப்பா என் வாயையே பார்த்தார். புரிந்துகொண்டார். முகம் தளர்ந்தது. "அதுபோதும்" என்றார்.

இரண்டாவது பொய். இதைச் சொன்னதற்காக நான் ஒருநாளும் வருந்தியதில்லை.

நேரம் நகரவில்லை. சந்தில் தெரிந்த வானம் வெளுத்தது. சூரியன் வந்தது. ஒரு கோடு வெளிச்சம் அப்பாவின் நெற்றியில் விழுந்தது. விழிக்க முடியாமல் கண்ணைச் சுருக்கினார். மறைக்கலாம் என்று கையை நீட்டினேன். என் விரலுக்கும் அவர் முகத்துக்கும் நடுவில் ஒரு முழம் இருந்தது. அந்த ஒரு முழத்தை என்னால் கடக்க முடியவில்லை. எவ்வளவோ முயன்றேன். கால் விடவில்லை.

அப்போதுதான் அவர் கையில் ஏதோ பட்டது. விரல்களை அசைத்தார். மண்ணைத் துழாவினார். விரல்கள் நனைந்திருந்தன.

"தண்ணி" என்றார். பிறகு கத்தினார். "தண்ணி சாமி! ஊத்துத் தொறந்துருச்சு! தண்ணி வந்துருச்சு!"

மேலே கேட்டிருக்கிறது. அவர் குடிக்கத் தண்ணீர் கேட்கிறார் என்று அம்மா நினைத்துவிட்டாள். செம்பைக் கயிற்றில் கட்டி இறக்கினாள். அது பாறையில் முட்டி ஆடியது. எங்களிடம் வந்து சேரவில்லை.

அப்பா சிரித்தார். அந்த நிலையில் சிரித்தார். நனைந்த விரலை உதட்டில் வைத்துப் பார்த்தார். "உப்பு இல்ல. நல்ல தண்ணி" என்றார்.

அந்தத் தண்ணீர் ஏறத் தொடங்கியது. கணுக்கால், பிறகு முழங்கால். குளிர்ந்து போய் இருந்தது. இத்தனை வருடம் கிடைக்காத தண்ணீர். அப்பாவின் தோள்வரை வந்ததும் அவருக்கும் புரிந்துவிட்டது. என்னைப் பார்த்துக்கொண்டே இருந்தார்.

இரைச்சல் நின்றது. நிலையம் திறக்கிற இசை வந்தது. மதியம். நேரம் சொன்னார்கள். அப்பா என்று கூப்பிட்டேன். அவருக்குக் கேட்காது என்பது மறந்துவிட்டது. கையை ஆட்டினேன். ரேடியோ பேசுகிறது என்று காட்ட நினைத்தேன். அவர் கண் திறந்திருந்தது. வெயில் நெற்றியிலிருந்து கண்ணுக்கு இறங்கியிருந்தது. இமைக்கவில்லை.

செய்தி வாசித்தார்கள். முழுவதும் கேட்டேன். யாருக்காகக் கேட்டேன் என்று தெரியவில்லை. பாதியில் குரல் கொப்பளித்தது. தண்ணீர் அதற்குள் போயிருக்க வேண்டும். ஒரு சொல் கொழகொழவென்று வந்தது. பிறகு நின்றுவிட்டது.

அதற்குப் பிறகுதான் நான் அழுதேன்.

காளியண்ணன் வந்தபோது தண்ணீர் என் மார்புக்கு வந்துவிட்டது. அவர் குரல் மேலே கேட்டது. யாரோடோ வாதாடினார். "நான் எறங்கறனுங்க. எனக்குப் பின்னால யாரும் வரக்கூடாது. மண்ணு கொட்டுனாலும் என்னைய இழுக்காதீங்க, புள்ளையக் கட்டுனதுக்கு அப்புறம் கயித்த இழுங்க."

தனியாக இறங்கினார். சுத்தியலை ஓங்கி அடிக்க முடியாது. ஒரு மருந்து மிச்சம் இருந்தால் எல்லாம் போய்விடும். கையால் ஒவ்வொரு கல்லாக எடுத்தார். நகம் பெயர்ந்து ரத்தம் வந்தது. மேலே இரண்டு ஜோடி மாடு பூட்டித் தண்ணீரை இறைத்தார்கள். அவர் முகம் சந்தில் தெரிந்தபோது வெயில் மஞ்சளாகியிருந்தது.

"அம்மணி" என்றார். அப்பாவைப் பார்த்தார். உடனே பார்வையைத் திருப்பிக்கொண்டார். என் அக்குளுக்கு அடியில் கயிறு கட்டினார். என் காலின் மேலிருந்த கல்லைத் தோளால் நெம்பினார். அப்போது வலித்தது. அப்படி ஒரு வலியை அதற்கு முன்பும் பின்பும் நான் அறிந்ததில்லை.

சேலத்தில் பெரிய ஆஸ்பத்திரி. முழங்காலுக்குக் கீழே எடுத்துவிட்டார்கள். மூன்றாம் நாளோ நான்காம் நாளோ ஒரு போலீஸ்காரர் கட்டிலுக்குப் பக்கத்தில் வந்து நின்றார். கூடவே காளியண்ணன். விரல்களில் துணி சுற்றியிருந்தார். அம்மா என் தலைமாட்டில் உட்கார்ந்திருந்தாள்.

"வெடிச்சது நாலுன்னு யார் சொன்னது?" என்று போலீஸ்காரர் கேட்டார்.

நான் கூரையைப் பார்த்தேன்.

"நான்தானுங்க" என்றார் காளியண்ணன். "நான் தப்பா எண்ணிப்போட்டனுங்க."

அம்மா எழுந்தாள். அவர் முகத்தில் அறைந்தாள். "என்ற ஊட்டுக்காரரைக் கொன்னுபோட்டயே! நீ நல்லா இருப்பியா!" என்று கத்தினாள். அவர் அப்படியே நின்றார். என் பக்கம் திரும்பவே இல்லை. நான் போர்வையை இழுத்து மூடிக்கொண்டேன். மயக்கம் என்று நினைத்துக்கொண்டார்கள்.

பதினாறாம் தேதி வார்டில் ரேடியோ வைத்தார்கள். கிழக்கில் எதிரி சரணடைந்துவிட்டான் என்றார்கள். மறுநாள் மேற்கிலும் சண்டை நின்றது. எல்லாரும் கை தட்டினார்கள். ஒரு நர்ஸ் என் வாயில் சர்க்கரை போட்டாள். நான் தலையணையைக் காதின் மேல் வைத்துக்கொண்டேன்.

அண்ணன் மாசி மாதம் வந்தார். ஒரு கீறல்கூட இல்லை. ஆறு நாள் பதுங்குகுழியில் கிடந்தோம், தலைக்கு மேலே குண்டு போகும் என்று சொன்னார். பிறகு என் காலைப் பார்த்துவிட்டு நிறுத்திக்கொண்டார். அந்தக் கிணற்றுத் தண்ணீரில் அந்த வருடம் கரும்பு வைத்தோம். ஊரில் முதல் தரமான கரும்பு. நான் அதை ஒரு துண்டுகூடக் கடிக்கவில்லை.

காளியண்ணனை அதற்குப் பிறகு யாரும் கிணற்றுக்குக் கூப்பிடவில்லை. மருந்து எடுக்கிற உரிமத்தையும் பறித்துவிட்டார்கள். அவருடைய பெரிய பெண்ணுக்கு நிச்சயமான கல்யாணம் நின்றது. மறு வருடம் குடும்பத்தோடு ஊரை விட்டே போய்விட்டார். சங்ககிரிப் பக்கம் லாரிப் பட்டறையில் காவலுக்கு இருக்கிறார் என்று யாரோ சொன்னார்கள். அதைக் கேட்டு எட்டு வருடம் நான் ஒன்றும் செய்யவில்லை. ஆசிரியர் பயிற்சி முடித்தேன். பள்ளிக்கூடத்தில் சேர்ந்தேன். பிள்ளைகளுக்கு உண்மை பேச வேண்டும் என்று பாடம் நடத்தினேன்.

1980இல் போனேன். பட்டறை வாசலில் இரும்பு நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். என் கட்டைக்காலைப் பார்த்ததும் எழுந்துவிட்டார்.

"அம்மணி! உக்காருங்க. வெயில்ல ஏனுங்க வந்தீங்க?"

நான் நின்றுகொண்டே சொன்னேன். ரேடியோ பாடிக்கொண்டிருந்தது. நான் எண்ணவில்லை. அப்பா திட்டுவாரே என்று பயந்து நாலு என்று சொல்லிவிட்டேன். எல்லாவற்றையும் சொன்னேன்.

"தெரியுமுங்க" என்றார். "நீங்க மரத்துக்குப் பின்னால ரேடியோவக் காதுல வெச்சுக்கிட்டு இருந்ததப் பாத்தனுங்க."

"பின்ன ஏனுங்க சொல்லாம உட்டீங்க?"

ஒரு லாரி பின்னால் வந்தது. அதற்குக் கையைக் காட்டி நிறுத்தினார். பிறகு என் பக்கம் திரும்பினார்.

"எனக்கு மூணுன்னு தெரியுமுங்க. கேட்டது மூணு. ஆனா உங்கப்பா சிரிச்சாருங்களே, அப்ப எனக்கும் நாலாவே இருந்துட்டா நல்லா இருக்கும்னு தோணிப்போச்சு. மறுநாள் வேற ஊர்ல கெணறு பேசி வெச்சிருந்தேன். இங்க திரும்பி வரோணும்னா அது போயிரும். சரிங்கன்னு சொன்னது என்ற வாயிதானுங்க அம்மணி. அதையப் போலீசுகிட்ட எப்படிச் சொல்றது? ஒரே வார்த்தையில முடிச்சுக்கிட்டேன்."

"எங்கம்மா உங்களைத்தான் கொலைகாரன்னு சொல்லிக்கிட்டு இருக்குது."

"சொல்லட்டுமுங்க. யாரையாச்சும் ஒருத்தரச் சொல்லோணுமில்ல. உங்களைச் சொன்னா அந்தம்மாளுக்கு அப்புறம் என்ன இருக்கு?"

வீட்டுக்கு வந்தேன். அம்மாவிடம் சொல்ல வேண்டும் என்றுதான் வந்தேன். அன்று சொல்லவில்லை. மறுநாளும் சொல்லவில்லை. அம்மா பொங்கலுக்குப் பொங்கல் அவரைச் சபிப்பாள். நான் பக்கத்தில் உட்கார்ந்து சோறு போடுவேன். கிணற்றுக்குள் ஒரு நாள்தான் இருந்தேன். இந்த வீட்டுக்குள் பதினைந்து வருடம் இருந்தேன்.

காளியண்ணன் 1984இல் இறந்தார். எனக்குத் தகவல் வந்தபோது எரித்து மூன்று நாள் ஆகியிருந்தது. அம்மா போன தையில் இறந்தாள். இனி இதனால் உடையக் கூடியவர் அண்ணன் ஒருவர்தான். அவர் இதை இனிமேல்தான் படிக்கப் போகிறார். படித்தபின் என்னோடு பேசுவாரா என்று தெரியவில்லை. தெரியாமலேயே எழுதுகிறேன்.

1987, மாசி.

இழந்தது இவ்வளவு. என் அப்பா, பெரியசாமி. வயது ஐம்பத்து இரண்டு. என் இடது கால். காளியண்ணனின் தொழில். அவருடைய ஊர். அவர் மகள் ராஜாமணியின் கல்யாணம். அவள் பிறகு கட்டிக்கொள்ளவே இல்லை. என் அம்மா தவறான ஒருவர்மேல் வைத்த கோபம், பதினைந்து வருடம். எங்கள் வீட்டில் மூன்று பேரும் ஒரே அறையில் உட்கார்ந்து கேட்ட காலை நேரம்.

அந்தப் போரில் இறந்தவர்களின் பட்டியலில் எங்கள் ஊர்ப் பெயர் எங்குமே இல்லை.